வளைகோல் ஏந்திய ஒரு வாழ்வு



மட்டக்களப்பு வாவியின் இரு பக்கங்களுக்கும் முன்னோர் அழகான பெயர்களை இட்டுச் சென்றனர். ஞாயிறு எழும் பக்கம் எழுவான்கரை. படும் பக்கம் படுவான்கரை. மாலை நான்கு மணிக்குப் பின் இவ்விரு கரைகளிலும் உள்ள எந்த ஊருக்குச் சென்றாலும் ஒரு வெட்டவெளியும், அதிலே பத்துப் பதினைந்து சிறுவரும் கண்ணிற் படுவர். காய்ந்த தென்னை மட்டையைச் சீவிக் கைப்பிடி அமைத்து அதனைத் துடுப்பாக்கிக் கொள்வர். பந்து வாங்கக் காசில்லாத இடத்திலே துணிப்பொட்டணம் பந்தாகும். களம் மணலாயிருந்தால் பந்து புதையும். அறுவடை முடிந்த வயலாயிருந்தால் தாளடியில் தட்டி எங்கோ பாயும். அந்தக் குறைகளையெல்லாம் சிறுவர் குறையாக எண்ணுவதில்லை.

கோலும் கொம்பும் ஏந்தி இரு கட்சியாய் நின்று ஆடுவது இந்நாட்டாருக்குப் புதியதுமன்று. கண்ணகியம்மன் வழிபாட்டோடு ஒட்டி இப்பகுதியில் வழங்கிவந்த கொம்புமுறி விளையாட்டை முதியோர் நன்கறிவர். மழை பொய்த்தபோதும் கொள்ளைநோய் பரவியபோதும் அம்மன் மனம் குளிர வேண்டும் என்று ஊரார் அதனை நடத்தினர். ஊர் முழுவதும் வடசேரி, தென்சேரி என இரண்டாகப் பிரியும். வடசேரி கோவலன் பக்கம். தென்சேரி கண்ணகி பக்கம். வளைந்த கொம்புகள் இரண்டை ஒன்றோடொன்று கொளுவி, கயிறு பூட்டி, இரு சாராரும் ஒன்று முறியும்வரை இழுப்பர். வென்றவர் தோற்றவரை ஏசிப் பாடுவதும் உண்டு. ஒருவன் வடசேரியா தென்சேரியா என்பது அவன் விரும்பித் தேர்ந்தெடுப்பதன்று. அது குடிவழியாக வருவது. இந்த விளையாட்டு இன்று பெரிதும் அருகிவிட்டது.

இதே வகையான பற்றைக் கடல்கள் பல கடந்து அயர்லாந்து நாட்டிலும் காணலாம். அங்கே ஹர்லிங் என்று ஓர் ஆட்டம் உண்டு. கட்சிக்குப் பதினைந்து பேர் நின்று, நுனி அகன்ற மரக்கோலால் சிறு பந்தொன்றை நிலத்திலும் ஆகாயத்திலும் அடித்து ஆடுவர். 2018இல் யுனெஸ்கோ நிறுவனம் அதனை மனித குலத்தின் மரபுரிமைகளுள் ஒன்றாகப் பட்டியலிட்டது. அதில் வியப்புக்குரியது வேகமன்று. அந்நாட்டின் தலைசிறந்த ஆட்டக்காரர்களும் சம்பளம் பெறாமல், தாம் பிறந்த மாவட்டத்துக்காகவே ஆடுகின்றனர் என்பதுதான் வியப்பு. கோர்க் மாவட்டத்துக் கிறிஸ்ரி றிங் என்பவர் 1941 தொடக்கம் 1954 வரை எட்டு முறை நாடளாவிய வெற்றிப் பதக்கம் பெற்றவர். அவர் வயிறு வளர்த்தது லொறி ஓட்டி.

ஹர்லிங்குக்கு உடன்பிறப்பு என்று சொல்லத்தக்கது ஹொக்கி எனப்படும் வளைகோற் பந்தாட்டம். அந்த ஆட்டத்திலே தமிழ்க் குடும்பம் ஒன்றிற் பிறந்து, பதினைந்து ஆண்டுகள் இந்திய நாட்டுக்காக ஆடிய ஒருவர் உண்டு. அவர் தன்ராஜ் பிள்ளை. அவருடைய ஆட்டக்காலத்தின் கதையே இன்றைய பேச்சின் பொருள்.

தன்ராஜ் பிள்ளை 1968ஆம் ஆண்டு யூலை 16ஆம் நாள் பூனா நகரை அடுத்த கட்கியிலே பிறந்தார். கட்கி ஒரு படைக்குடியிருப்பு. பிரித்தானியர் காலந்தொட்டுப் படைக்கலத் தொழிற்சாலை உள்ள ஊர். தந்தையார் நாகலிங்கம் பிள்ளை, அங்கே விளையாட்டு மைதானத்தைப் பராமரிக்கும் பணியாளர், தாயார் ஆண்டாளம்மாள். ஆண்மக்களுள் தன்ராஜ் நான்காமவர். தந்தையாரின் ஊதியம் சிறிது. மைதானத்தைச் செப்பனிடும் மனிதரின் பிள்ளைகள், அம்மைதானத்தில் ஆடுவோரின் முறிந்த கோல்களைப் பொறுக்கி, கயிறு சுற்றிக் கட்டி, வீசி எறிந்த பழம்பந்துகளை எடுத்துக்கொண்டு குடியிருப்பின் சேற்றுநிலத்தில் ஆடினர். தென்னை மட்டையோடு நிற்கும் வாவிக்கரைச் சிறுவனுக்கு இக்காட்சியை விரித்துரைக்க வேண்டியதில்லை.

இவ்விடத்தில் ஒன்றைக் கூற வேண்டும். தன்ராஜ் சேற்றுநிலத்தில் ஆடப் பழகிய காலத்தில் உலக வளைகோற் பந்தாட்டம் புற்றரையை விட்டே போய்விட்டது. 1976இல் மொன்றியல் ஒலிம்பிக்கில் முதன்முதலாகச் செயற்கைப் புற்றரை விரிக்கப்பட்டது. அதுவரை இந்தியர் இவ்வாட்டத்தின் அரசர். 1928 முதல் 1956 வரை நடந்த ஆறு ஒலிம்பிக் போட்டிகளில் ஒன்றிலேனும் அவர் பொற்பதக்கத்தை இழந்திலர். தியான் சந்த் என்ற பெயர் அக்காலத்தில் ஐரோப்பாவிலும் ஒலித்தது. 1964இல் மீண்டும் ஒரு பொன். 1980இல் மொஸ்கோவில் மற்றொரு பொன். மொஸ்கோவில் வென்ற அணிக்குத் தலைமை தாங்கியவர் சென்னையைச் சேர்ந்த வாசுதேவன் பாஸ்கரன். அதன்பின் பொன்னும் இல்லை, வெள்ளியும் இல்லை. மட்டமான செயற்கைத் தளத்தில் பந்து தடையின்றி ஓடும்; அங்கே கைந்நுட்பத்தைவிட ஓட்டமும் உடல்வலுவும் திட்டமிட்ட அணிவகுப்பும் பெரிதாயின. அத்தளத்தை அமைக்கப் பெரும்பணம் வேண்டும். பணமுள்ள நாடுகளில் அது எங்கும் பரவிற்று. இந்தியாவிலோ மிகச் சில நகரங்களிலேயே இருந்தது. ஆகவே மண்ணிற் பழகிய பிள்ளை, இளைஞனானபின் வேறோர் ஆட்டத்தையே புதிதாகக் கற்க வேண்டியதாயிற்று. இந்தியாவின் வீழ்ச்சியைப் பற்றிப் பேசுவோர் பலர் ஆட்டக்காரரின் ஊக்கக் குறைவைச் சொல்வர். தளத்தின் விலையைச் சொல்பவர் குறைவு.

1980களின் நடுவில் தன்ராஜ் மும்பைக்குச் சென்றார். மூத்த சகோதரர் ரமேஷ் அங்கே அரசாங்க உரத் தொழிற்சாலையின் அணியில் ஆடிக்கொண்டிருந்தார். தம்பி அண்ணனிடத்திலே கற்றார். அக்காலத்துப் பெரும் ஆட்டக்காரர் முகமது ஷாகித்தின் பந்தெடுத்துச் செல்லும் முறையைக் கண்டு அதனைப் பின்பற்ற முயன்றார். பின்னர் மகிந்திரா நிறுவனத்தின் அணியில் இடம் பெற்றார். 1989 டிசெம்பரில் புதுடில்லியில் நடைபெற்ற ஆசியக் கிண்ணப் போட்டியில் முதன்முறையாக இந்தியாவுக்கு ஆடினார். அப்போது வயது இருபத்தொன்று.

அவருடைய ஆட்டத்தை நேரிற் கண்டவர் முதலிற் குறிப்பிடுவது வேகத்தை. முன்கள வீரராகிய அவர் நடுக்களத்திற் பந்தைப் பெற்று, கோலின் நுனியிலே அது ஒட்டிக்கொண்டது போல ஓடுவார். எதிரே இருவர் வரினும் மூவர் வரினும் உடலை ஒருபுறம் சாய்த்து, பந்தை மறுபுறம் நழுவவிட்டு அப்பாற் செல்வார். நீண்ட தலைமயிர் பின்னே பறக்கும். உடல் மெலிந்தது, ஐரோப்பிய வீரரோடு மோதினால் விழுவார், விழுந்தவர் அடுத்த கணமே எழுந்து ஓடுவார். பந்தைத் தாமே நெடுந்தூரம் கொண்டு செல்கிறார், மற்றவருக்குத் தள்ளுவதில்லை என்று குறை கூறினாரும் உளர். அக்குறையில் ஓரளவு உண்மை இருந்தது. ஆனால் அணி தளர்ந்து நிற்கும் வேளையில், பார்வையாளர் எல்லாரும் அவர் கையிலே பந்து சேர வேண்டும் என்றுதான் விரும்பினர்.

1992இல் பார்சலோனா, 1996இல் அற்லாண்டா, 2000இல் சிட்னி, 2004இல் ஏதென்ஸ் என நான்கு ஒலிம்பிக் போட்டிகளில் அவர் ஆடினார். 1990 முதல் 2002 வரை நான்கு உலகக் கிண்ணங்கள்; அதே ஆண்டுகளுக்கிடையில் நான்கு ஆசிய விளையாட்டுகள். இவற்றோடு நான்கு சாம்பியன்ஸ் கிண்ணப் போட்டிகளையும் சேர்க்க வேண்டும். இவ்வாறு நான்கு வகைப் போட்டிகளிலும் நான்கு முறை நிற்பது எவருக்கும் எளிதன்று. எனினும் இந்திய அணி அந்நான்கு ஒலிம்பிக்கிலும் பெற்ற இடங்கள் முறையே ஏழு, எட்டு, ஏழு, ஏழு. அவற்றைக் கேட்ட அளவிலேயே அவருடைய ஆட்டக்காலத்தின் துயரம் விளங்கும். 1994இல் சிட்னியில் நடந்த உலகக் கிண்ணத்தில் இந்தியா ஐந்தாம் இடம் பெற்றபோது, உலகின் சிறந்த பதினொருவர் அணியில் தன்ராஜின் பெயர் இருந்தது. தளர்ந்துவரும் ஓர் அணியிலே தளராத ஒருவராய் அவர் நின்றார்.

தன்ராஜுக்குப் பெருவெற்றி கிடைத்தது பாங்கொக்கில். 1998ஆம் ஆண்டு மே மாதம் உலகக் கிண்ணத்தில் ஒன்பதாம் இடத்திற்குத் தள்ளப்பட்ட இந்திய அணி, அதே ஆண்டு டிசெம்பரில் ஆசிய விளையாட்டுக்குச் சென்றது. அணித்தலைவர் தன்ராஜ், பயிற்றுநர் மகராஜ் கிருஷன் கௌசிக். இறுதியாட்டத்தில் எதிர்நின்றது தென் கொரியா. ஆட்டம் 1–1 எனச் சமநிலையில் முடிந்தது. பின்னர் தண்ட அடிகளால் முடிவு காண வேண்டியதாயிற்று. பந்துக் காப்பாளர் ஆசிஷ் பல்லால் உறுதியாக நின்று தடுக்க, இந்தியா 4–2 என வென்றது. ஆசிய விளையாட்டில் இந்திய வளைகோல் அணி அதற்குமுன் பொன் பெற்றது 1966இல். அதுவும் அதே பாங்கொக்கில்தான். இடையே முப்பத்திரண்டு ஆண்டுகள். தன்ராஜ் பிறப்பதற்கும் முன்னர் நாடு கண்ட பொன்னை, தம் முப்பதாம் வயதில் அவர் மீட்டுக் கொணர்ந்தார்.

வெற்றி பெற்ற அணியை நாடு எவ்வாறு வரவேற்றிருக்கும் என்று எண்ணுகிறீர்கள்? புத்தாண்டு பிறந்து பாகிஸ்தானுடன் நடக்கவிருந்த தொடர் ஆட்டங்களுக்கு அணி அறிவிக்கப்பட்டபோது, அதில் தன்ராஜின் பெயர் இல்லை. பல்லாலும் இல்லை, மூத்த வீரர் வேறு சிலரும் இல்லை. பயிற்றுநர் கௌசிக்கும் நீக்கப்பட்டார். வீரர்களுக்கு ஓய்வு கொடுத்திருக்கிறோம் என்பது இந்திய வளைகோற் பந்தாட்டச் சம்மேளனம் சொன்ன காரணம். ஆட்டத்துக்குரிய படிப்பணம் போதாது என்றும், வீரரை நடத்தும் முறை சரியன்று என்றும் வெளிப்படையாகப் பேசியதற்கு இது தண்டனை என்பது ஊரறிந்த கருத்து.

தன்ராஜுக்கு வாய் அடங்காது என்பது உண்மை. சம்மேளனத்தாரைப் பற்றியும் பயிற்றுநர்களைப் பற்றியும் செய்தியாளரிடம் சினந்து பேசுவார். பேசியபின் சிலபோது வருந்துவார். அவர் சினந்த இடமெல்லாம் நியாயமான இடமென்று கூற முடியாது. ஆனால் அணியின் தலைவராயிருப்பவர் தம்மோடு ஆடும் இளைஞனுக்கு வழிச்செலவு வேண்டும் என்று கேட்பதை ஒழுங்கீனம் என்று எழுதிவைக்கும் மேலாளர், வெற்றி வந்தபோது மாத்திரம் மேடையேறி மாலை வாங்குவது எவ்வகை ஒழுங்கு? இக்கேள்வி வளைகோலுக்கு மட்டும் உரியதன்று. துடுப்பாட்டக்காரர்மேல் அதே நாட்டிற் பொன்மழை பொழிந்த காலம் அது. வளைகோல் ஏந்தியோர் பகலிற் பயிற்சி செய்து, ஏதேனும் ஒரு நிறுவனத்தின் சம்பளத்தில் வீட்டை நடத்தினர். தன்ராஜ் இந்திய விமானச் சேவை நிறுவனத்திற் பணி பெற்றார். பருவகாலங்களில் லண்டன், பிரான்சின் லியோன், ஜேர்மனியின் ஸ்ருட்கார்ட், வங்காளதேசத்து டாக்கா, மலேசியா ஆகிய இடங்களின் கழகங்களுக்கும் ஆடினார். மலேசியக் கழகங்கள் அவரைப் பல ஆண்டுகள் விரும்பி அழைத்தன.

நீக்கப்பட்டவர் மீண்டும் அழைக்கப்பட்டார். அவரின்றி முன்களம் இயங்கவில்லை. 2000ஆம் ஆண்டு சிட்னி ஒலிம்பிக்குக்குச் சென்ற அணியின் பயிற்றுநர், முன்னே சொன்ன வாசுதேவன் பாஸ்கரன். பொன் பெற்ற தலைவராய் இருபது ஆண்டுகளுக்கு முன் நின்ற தமிழரும், ஒலிம்பிக் பதக்கம் ஒன்றேனும் பெற ஏங்கிய தமிழரும் ஒரே அணியில் இருந்தனர். தம் பிரிவின் கடைசி ஆட்டத்தில் போலந்தை வென்றால் அரையிறுதிக்குப் போகலாம். போலந்து வலிய அணியன்று. இந்தியா ஓர் இலக்கு முன்னே நின்றது. ஆட்டம் முடிய இரண்டு நிமிடமும் இல்லை. அவ்வேளையிற் காவல் நெகிழ்ந்தது. போலந்துக்காரர் ஒருவர் பந்தை வலைக்குள் அனுப்பினார். 1–1. ஆட்டம் சமநிலை, அரையிறுதி இல்லை. தன்ராஜ் அழுததைத் தொலைக்காட்சியில் உலகம் கண்டது. முப்பத்திரண்டு வயதினர், இனி ஒரு வாய்ப்பு வருமோ என்று அறியாதவர். அந்த இரண்டு நிமிடத்தை இந்திய வளைகோல் அன்பர் இன்றும் மறந்திலர்.

அந்நேரத்தில் அவர் கோலைக் கீழே வைத்திருக்கலாம், வைத்திலர். 2002இல் ஜேர்மனியின் கொலோன் நகரில் நடந்த சாம்பியன்ஸ் கிண்ணப் போட்டியில் இந்தியா நான்காம் இடமே பெற்றது. ஆயினும் போட்டியின் சிறந்த ஆட்டக்காரர் என்ற பரிசு முப்பத்து நான்கு வயதுத் தன்ராஜுக்குக் கிடைத்தது. அவரினும் பத்து வயது குறைந்த இளைஞர் அவரைத் துரத்தி இளைத்தனர். அடுத்த ஆண்டு, 2003இல், கோலாலம்பூரில் ஆசியக் கிண்ணம். பதினான்கு ஆண்டுகளுக்கு முன் அவர் முதன்முதல் ஆடிய அதே போட்டி. இம்முறை அவர் தலைவர். இறுதியாட்டத்தில் இந்தியா பாகிஸ்தானை 4–2 என வென்று, வரலாற்றில் முதன்முறையாக அக்கிண்ணத்தைக் கைக்கொண்டது.

2004 ஏதென்ஸ் ஒலிம்பிக் அவருடைய கடைசிப் பெரும்போட்டி. பயிற்றுநர் புறப்படுமுன் மாற்றப்பட்டார். புதிதாக ஒரு ஜேர்மானியர் வந்தார். களத்தில் தன்ராஜுக்குக் கிடைத்த நேரம் குறைந்தது. பக்கவாட்டு இருக்கையில் அமர்ந்து, இளையோர் ஆடுவதை அவர் பார்த்துக்கொண்டிருந்தார். இந்தியா ஏழாம் இடத்தோடு திரும்பியது. அதன்பின் அவர் நாட்டுக்காக ஆடவில்லை.

அரசு அவருக்கு 1995இல் அருச்சுனா விருதும், பின்னர் கேல் ரத்னா என்னும் உயர் விளையாட்டு விருதும், 2001இல் பத்மசிறீ விருதும் அளித்தது. அவருடைய வாழ்க்கை வரலாற்றைச் சந்தீப் மிஸ்ரா என்பவர் ஆங்கிலத்தில் எழுதினார். என்னை மன்னித்துவிடு அம்மா என்பது நூலின் பெயர். ஆங்கிலத் தலைப்பிலும் அம்மா என்ற சொல் மாத்திரம் தமிழாகவே நிற்கிறது. மராத்தி நாட்டிற் பிறந்து, இந்தியும் ஆங்கிலமும் வழங்கும் அணிகளில் வாழ்நாளைக் கழித்தவருக்கு ஆண்டாளம்மாள் என்றும் அம்மாதானே.

ஓர் ஆட்டம் எங்கே பிறந்தது, எவர் கொணர்ந்தார் என்பதைக் குழந்தைகள் கேட்பதில்லை. மட்டக்களப்பிலே கூடைப்பந்தாட்டம் வேரூன்றியது அமெரிக்க நாட்டு நியூ ஓர்லியன்ஸ் பகுதியிலிருந்து வந்த இயேசு சபைத் துறவியராலே. புனித மிக்கேல் கல்லூரிப் பிள்ளைகளுக்கு அவ்வாட்டத்தைப் பயிற்றிய ஈயூஜின் ஹீபேர்ட் அடிகளார் 1948இல் இங்கு வந்தவர். 1990 ஓகஸ்ட் 15ஆம் நாள் வாழைச்சேனையிலிருந்து மட்டக்களப்புக்குத் திரும்பும் வழியில் காணாமற் போனார். கூட வந்த தமிழ் இளைஞரும் திரும்பவில்லை. அடிகளார் கற்பித்தவாறு பந்தை எறிந்தவர்கள் பின்னர் தம் பிள்ளைகளுக்குக் கற்பித்தனர். கட்கியிலும் அவ்வாறே. பிரித்தானியப் படையினர் கொணர்ந்த கோல், மைதானப் பணியாளரின் மகன் கைக்கு வந்தது.

தன்ராஜ் விலகியபின் நிகழ்ந்தவற்றையும் சொல்லிவிடலாம். 2008இல் பெய்ஜிங் ஒலிம்பிக்குக்கு இந்திய வளைகோல் அணி தகுதி பெறவில்லை. எண்பது ஆண்டுகளில் அது முதன்முறை. அதே ஆண்டில் பழைய சம்மேளனத்தின் அதிகாரம் பறிக்கப்பட்டது. செயற்கைத் தளங்கள் மெல்லப் பெருகின. வீரருக்குச் சம்பளமும் முறையான பயிற்சியும் கிடைக்கலாயின. 2021இல் தோக்கியோவில் இந்திய அணி வெண்கலம் பெற்றது. மொஸ்கோவிற்குப் பின் நாற்பத்தோராண்டு கழித்துக் கிடைத்த ஒலிம்பிக் பதக்கம் அது. 2024இல் பாரிசிலும் வெண்கலம் வந்தது. அப்பதக்கங்களை அணிந்த இளைஞருட் பலர் சிறுவராயிருந்தபோது சுவரில் ஒட்டிவைத்த படம் எவருடையது என்று கேட்டால், பெரும்பாலோர் ஒரே பெயரைத்தான் சொல்வர்.

நாட்டுக்காக அவர் ஆடிய ஆட்டங்கள் 339. அடித்த இலக்குகள் எத்தனை? நூற்றெழுபது என்பாரும் உண்டு. அதற்கு மேலும் என்பாரும் உண்டு. சம்மேளனம் அக்கணக்கை எழுதி வைக்கவில்லை. ஒரு சிற்றூர்ப் பாடசாலையின் இல்ல விளையாட்டுப் போட்டியிலுங்கூட ஓர் ஆசிரியர் மேசையருகே அமர்ந்து, எவர் எத்தனை அடி பாய்ந்தார் என்று குறித்துவைப்பார். பதினைந்து ஆண்டுகள் ஒரு பெருநாட்டின் நிறத்தை உடுத்து ஓடியவருக்கு அத்தகைய ஒரு பதிவேடு இல்லை. மும்பையில் இளைஞருக்குப் பயிற்சி அளித்த காலத்தில், களத்தில் எவன் நன்றாக ஆடினாலும் அவன் பெயரைத் தன்ராஜ் உரக்கக் கூவுவார் என்பர்.